சன் டியூப் போட்டு ஏழு மாதம்: வெளிச்சம் சூப்பர், கரண்ட் பில் கணக்கு வேற

எங்கள் வீடு வேலூர் கஸ்பாவில். இரண்டு பக்கமும் பொதுச்சுவர், ரயில் பெட்டி மாதிரி வரிசையாக மூன்று அறை, நடு அறைக்கு ஜன்னலே கிடையாது. ஊரே வெயிலில் வெந்துகொண்டிருக்கும், அந்த அறையில் மட்டும் காலை ஏழு மணிக்கே டியூப்லைட் எரியும், ஏனென்றால் அம்மாவின் தையல் மெஷின் அங்கேதான்.

தளத்தைச் சதுரமாக வெட்டிக் கண்ணாடி போட்டுவிடலாம் என்றார் மேஸ்திரி. அப்படிப் போட்ட ஒரு வீட்டில் கத்திரி வெயிலில் பத்து நிமிஷம் நின்று பார்த்தேன், ஆளை விடுங்கள் என்று வந்துவிட்டேன். நம் ஊரில் ஏப்ரல் கடைசியிலும் ஆகஸ்ட் நடுவிலும் சூரியன் நேர் உச்சந்தலைக்கு வருகிறது, கண்ணாடி போட்டால் அடுப்புதான்.

அப்புறம்தான் சன் டியூப். மாடியில் கவிழ்த்த கிண்ணம் மாதிரி ஒரு டோம், அதற்குக் கீழே உட்புறம் பளபளக்கும் 10 அங்குல அலுமினியக் குழாய், அறைக்குள் பால் வெள்ளை மூடி. வெயில் குழாயில் பட்டுப் பட்டு இறங்கி மூடியில் பரவிவிடுகிறது, திறப்பு சின்னது என்பதால் சூடும் அவ்வளவாகத் தெரியவில்லை. கருப்பு ஜாக்கெட்டில் கருப்பு நூல் தையலை அம்மா இப்போது லைட் போடாமலே பிரிக்கிறார்.

காசு? 20 வாட் எல்இடி டியூப் தினம் 10 மணி நேரம் எரிந்தால் இரண்டு மாதத்துக்கு 12 யூனிட். யூனிட் 6 ரூபாய் என்றே வைத்தாலும் 72 ரூபாய். எனக்குக் கூலியோடு ஆன செலவு 17,500. போட்ட காசை எடுக்க 40 வருஷம் ஆகும், அதனால் பில்லுக்காக வாங்குவதாக இருந்தால் வாங்காதீர்கள்.

பொருத்த வந்தவர்கள் ஓட்டையைச் சுற்றிக் கரை கட்டாமல் தரை மட்டத்திலேயே டோமை ஒட்டிவிட்டுப் போனார்கள். முதல் மழைக்கே மெஷின் மேல் சொட்டியது. போன் செய்தால் நாளை, நாளை மறுநாள். கடைசியில் நம்ம மேஸ்திரிதான் நாலு அங்குலம் கரை எழுப்பிப் பூசினார். துளை போடும் முன் காலை எட்டு மணிக்கும் மாலை நாலுக்கும் மாடியில் நின்று நிழல் எங்கே விழுகிறது என்று பாருங்கள், பக்கத்து வீட்டுத் தண்ணீர் டேங்க் நிழலில் எனக்குத் தினம் ஒரு மணி நேரம் போகிறது.

இன்னொன்று, இதை அணைக்க முடியாது. மூடுகிற தகடு வைத்த மாடலுக்குத் தனிக் காசு, நான் வாங்கவில்லை. மதியம் அங்கே படுக்கிற அப்பா முகத்தில் துண்டைப் போட்டுக்கொண்டு என்னைத் திட்டுகிறார்.