வழக்கை மீளப் பெற்று நுகர்வோர் முறைப்பாட்டுக்குச் செல்வதா, வழக்கையே தொடர்வதா?

வாங்கிய பன்னிரண்டாம் நாளே குளிர்சாதனப் பெட்டியின் கம்பிரசர் நின்றுவிட்டது. ஐஸ் தட்டில் வைத்திருந்த பாரை மீனின் தண்ணீர் குசினித் தரையில் வழிந்து கிடந்ததைக் கண்ட கோபம் ஆறுவதற்குள், வழக்குக்கு முன் சமரசம் பேசும் மத்தியஸ்த சபைக்கு விற்பனையாளர் வராததால் கிடைத்த சான்றிதழையும் எடுத்துக்கொண்டு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தாக்கல் செய்துவிட்டேன். ஒரு வழக்குத் தவணை முடிந்ததும் அதை மீளப் பெற்று, யாழ்ப்பாணம் கச்சேரியில், அதாவது மாவட்டச் செயலகத்தில், இயங்கும் நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையின் அலுவலகத்தில் முறைப்பாடு கொடுத்தேன்.

செலவைப் பற்றி விரித்துச் சொல்ல வேண்டியதில்லை. ஒரு பக்கம் சட்டத்தரணியின் கட்டணம், மறுபக்கம் எழுதிக் கொடுத்த ஒரு கடிதம்.

தீர்மானிப்பது நாட்கணக்கு. 2003 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்க நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபைச் சட்டத்தின் 13 ஆம் பிரிவின்படி, பொருள் விற்கப்பட்ட நாளிலிருந்து மூன்று மாதங்களுக்குள் எழுத்து மூலம் முறைப்பாடு செய்ய வேண்டும். பழுது தெரியவந்த நாளிலிருந்து அல்ல, விற்ற நாளிலிருந்து என்பதைப் பலர் கவனிப்பதில்லை. மத்தியஸ்த சபையும் நீதிமன்றமுமாக அலைந்த எனக்கு, எண்பத்துமூன்றாம் நாள்தான் முறைப்பாட்டைக் கையளிக்க முடிந்தது. அங்கிருந்த உத்தியோகத்தர் பழுதைப் பற்றி ஒன்றும் கேட்காமல், மடித்து வைத்திருந்த பற்றுச்சீட்டை விரித்து முதலில் திகதியைத்தான் பார்த்தார்.

வழக்கை மீளப் பெறுவதிலும் இதே அவதானம் வேண்டும். குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 406 ஆம் பிரிவின் கீழ், புதிய வழக்கிடும் உரிமையுடன் மீளப் பெற மன்றின் அனுமதியைக் கேட்டுப் பெறாவிட்டால், அதே விடயத்துக்காகத் திரும்பவும் வழக்கிட முடியாது. எதிர்த்தரப்பின் செலவும் நம் தலையில் விழும். அனுமதி கிடைத்தாலும், 407 ஆம் பிரிவின்படி காலவரையறை முதல் வழக்கே தாக்கல் செய்யப்படாதது போலத்தான் கணக்கிடப்படும். எழுத்து மூல ஒப்பந்தத்தின் மீது வழக்கிட ஆறு வருடங்கள் இருப்பதால் அது என்னை உறுத்தவில்லை. வாய்ப்பேச்சில் வாங்கியவருக்கு மூன்று வருடங்கள்தான்.

விசாரணையின் பின் நட்டஈடு, மாற்றுப் பொருள், பணத்தைத் திருப்பிக் கொடுத்தல் ஆகியவற்றுக்கு அதிகார சபை கட்டளையிடலாம். எனக்கு மாற்றுப் பெட்டி கிடைத்தது. ஆனால் விற்பனையாளர் இரண்டாம் அழைப்பிலேயே இறங்கிவந்தவர். பிடிவாதக்காரரிடம் இதே வழி எவ்வளவு விரைவாகப் பலிக்கும் என்பதை என் ஒரு அனுபவத்தை வைத்துச் சொல்ல மாட்டேன். பழுதால் வியாபாரம் முடங்கிப் பெருந்தொகை இழந்தவர் வழக்கைக் கைவிடுமுன் தம் சட்டத்தரணியிடம் பேசுவது நல்லது. மூன்று மாதம் கடந்துவிட்டவர் வழக்கை மீளப் பெறவே கூடாது என்பேன். கச்சேரியில் அவருக்குக் கதவு அடைபட்டிருக்கும், அனுமதி பெறாமல் மீளப் பெற்றிருந்தால் நீதிமன்றத்தில் அவரே அதை அடைத்துவிட்டு வந்திருப்பார்.