துப்பறியும் ஜோடிகள்: காதலில் முடிவதா, வேலையில் மோதுவதா?

ஓர் ஆணும் ஒரு பெண்ணும் சேர்ந்து கொலை வழக்குகளை விசாரிக்கும் தொடர்கள் பெரும்பாலும் இரண்டில் ஒரு வழியில் போகின்றன: இருவரையும் காதலில் சேர்த்துவைப்பது, அல்லது கடைசிவரை சக அதிகாரிகளாகவே விடுவது. எனக்கு இரண்டாவதுதான் பிடிக்கும். காரணத்தைச் சொல்ல முடிவுகளையும் சொல்லியாக வேண்டும். பார்க்காதவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளலாம்.

முதல் வழிக்கு ‘போன்ஸ்’ (2005–2017), ‘காசில்’ (2009–2016) இரண்டும் போதும். எலும்பை வைத்தே ஆளைக் கண்டுபிடிக்கும் பிரென்னனும் மனிதர்களின் முகம் பார்த்து எடைபோடும் எஃப்.பி.ஐ. அதிகாரி பூத்தும் விவாதிக்கும்போது ‘போன்ஸ்’ சுறுசுறுப்பாக ஓடும். ‘காசில்’ தொடரின் நாவலாசிரியர் காசிலும் போலீஸ்காரி பெக்கெட்டும் பேசுவது இன்னும் கலகலப்பு. ஆனால் எப்போது சேர்வார்கள் என்பதே கேள்வியானதும் வழக்கு பின்னால் போய்விடுகிறது. சேர்ந்த பிறகோ, பிரிக்கக் காரணம் தேட வேண்டியிருக்கிறது. காசில் கல்யாண நாளில் காணாமல் போகிறார்; பிறகு எட்டாவது சீசனில், அவரைக் காப்பாற்றுவதற்காக என்று பெக்கெட் விலகிப் போகிறார். இதெல்லாம் கதைக்குத் தேவைப்பட்டதாக எனக்குத் தோன்றவில்லை.

‘பிராட்சர்ச்’ (2013) தொடரில் உள்ளூர் போலீஸ் அதிகாரி எல்லி மில்லர் எதிர்பார்த்த பதவி உயர்வு வெளியூரிலிருந்து வந்த ஹார்டிக்குப் போகிறது. ஆரம்பமே மனக்கசப்பு. ஊரில் யாரையும் நம்பாதே என்கிறார் ஹார்டி. அந்த ஊர் முழுக்க மில்லருக்குத் தெரிந்த முகங்கள். கடைசியில் கொலையாளி அவருடைய கணவர். அதை அவரிடம் சொல்ல வேண்டியவர் ஹார்டி. டேவிட் டென்னன்ட், ஒலிவியா கோல்மன் இருவரும் அந்தக் காட்சியில் நடித்திருப்பது, எந்த முத்தக் காட்சியைவிடவும் இரு மனிதர்களை நெருக்கமாக்குகிறது.

அதையும் தாண்டுவது ஸ்வீடனும் டென்மார்க்கும் சேர்ந்து எடுத்த ‘தி பிரிட்ஜ்’ (2011). இரு நாடுகளையும் இணைக்கும் ஓரெசுண்ட் பாலத்தின் நடுவே, எல்லைக்கோட்டின் மேல் ஒரு பிணம். ஸ்வீடனின் மால்மோவிலிருந்து போலீஸ் அதிகாரி சாகா வருகிறார், டென்மார்க்கின் கோபன்ஹேகனிலிருந்து மார்ட்டின். ஒரு ஆம்புலன்ஸ் அந்த இடத்தைக் கடக்க வேண்டும். விதிப்படி முடியாது என்கிறார் சாகா, மார்ட்டின் அதைப் போக விட்டுவிடுகிறார். உடனே அவர்மீது புகார் எழுதுகிறார் சாகா. முதல் எபிசோடில் நடக்கும் இந்தச் சின்ன உரசலுக்குள்ளேயே இரண்டாவது சீசனின் முடிவு இருக்கிறது: தன் மகனைக் கொன்றவனை மார்ட்டின் விஷம் வைத்துக் கொன்றார் என்று உணர்ந்ததும், தன் ஒரே நண்பரையும் சாகா காட்டிக்கொடுக்கிறார். இருவர் பக்கமும் நியாயம் இருக்கிறது. இவர்களைக் காதலர்களாக ஆக்கியிருந்தால் அது வெறும் துரோகக் கதையாகச் சுருங்கியிருக்கும்.

மூன்றாவது சீசனில் புதிய பார்ட்னர் ஹென்ரிக்குடன் சாகாவுக்கு உடலுறவும் வருகிறது. அப்படியானால் இதுவும் முதல் வழிதானே என்று கேட்கலாம். இல்லை. ஹென்ரிக்கின் மனைவியும் இரண்டு மகள்களும் காணாமல் போய் வருடங்கள் ஆகியிருக்கின்றன. அவர்மேல் அக்கறை வந்ததும் சாகா செய்வது, அந்தப் பழைய வழக்கின் ஃபைலை எடுத்து முதல் பக்கத்திலிருந்து படிப்பது.