உள்ளுழவு: இல்லாத மதம் ஒன்றைப் பயன்படுத்திப் பார்த்த அனுபவம்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், உள்ளுழவு என்று ஒரு மதம் உலகத்தில் கிடையாது. 2020 ஊரடங்கில் கடையைத் திறக்க வழியில்லாமல் கிடந்தபோது, நண்பன் எழுத ஆரம்பித்த ஒரு விஞ்ஞானக் கதைக்காக நாங்கள் இரண்டு பேரும் உட்கார்ந்து உண்டாக்கியது. கதை நடப்பது பல ஆயிரம் வருஷம் கழித்து. கோபம், பயம், ஆசை எதுவானாலும் ஒரு கருவியை வைத்து நொடியில் மாற்றிக்கொள்ளலாம் என்றாகிவிட்ட காலம் அது. அந்தக் காலத்தில், 'அப்படி மாற்றினால் அது நான் இல்லை, மெதுவாக நானேதான் மாற்றுவேன்' என்று அடம்பிடிக்கிற ஒரு கூட்டத்தின் மதம் இது. கதை பாதியில் நின்றுபோனது, மதத்தை மட்டும் நான் விடவில்லை.

சட்டம் ரொம்ப இல்லை. ஒரு போகத்துக்கு, அதாவது ஒரு பயிர்ப் பருவத்துக்கு, ஒரே ஒரு குணத்தில்தான் கை வைக்கலாம். எதை மாற்றப்போகிறோம் என்பதைக் கூட இருக்கிற ஒருவரிடம் முன்கூட்டியே சொல்ல வேண்டும், அவர்தான் சாட்சி, அவர் வேண்டாம் என்றால் வேண்டாம்தான். அப்புறம், மனதில் ஒரு பகுதியை ஆயுசுக்கும் தரிசாகப் போட்டுவிட வேண்டும், அது எது என்று சொல்வதும் சாட்சிதான். கோயில் என்றால் வெற்று அறையில் ஒரு கண்ணாடி. இது கதைக்காக யோசித்தது, ஆனால் நம்ம திருநெல்வேலிப் பக்கத்தில் யாரும் இதற்கு ஆச்சரியப்பட மாட்டார்கள், அய்யாவழிக்காரர்கள் கும்பிடும் நிழல் தாங்கல்களில் எப்போதோ இருந்து கண்ணாடிதானே இருக்கிறது.

போகக் கணக்கு பிறகு வந்தது. முதலில் நண்பன் ஒரு மண்டலம், 48 நாள் என்று வைத்திருந்தான், கேட்க நன்றாக இருந்ததே தவிர ஒன்றும் நடக்கவில்லை. லண்டனில் ஃபிலிப்பா லாலியும் கூட இருந்தவர்களும் 2009-ல் வெளியிட்ட ஆய்வு ஒன்றை அவன் காட்டினான். தினமும் ஒரே நேரத்தில் தண்ணீர் குடிப்பது, பழம் சாப்பிடுவது மாதிரி சின்னப் பழக்கங்கள் தானாக வருவதற்கே நடுமட்டமாக 66 நாள், ஆளைப் பொறுத்து 18-லிருந்து 254 வரை ஆகலாம் என்று கணக்கிட்டிருந்தார்கள். தண்ணீர் குடிக்கவே இவ்வளவு என்றால் குணத்துக்கு எவ்வளவு! அதனால் தாமிரபரணிப் பாசனத்தின் கார், பிசானம் என்ற இரண்டு நெல் போகங்களையும் அப்படியே எடுத்துக்கொண்டோம். போகத்துக்குக் கிட்டத்தட்ட நாலு மாதம். பிசானம் அறுத்த பிறகு வருகிற கோடையில் எதையும் மாற்றக்கூடாது. அந்த ஓய்வு இல்லாவிட்டால் நான் என்றோ விட்டிருப்பேன்.

முதல் கார் போகத்துக்குக் கடையில் வருகிற கோபத்தை எடுத்தேன். தினமும் கடை அடைத்த பிறகு அன்றைக்குக் கத்தின ஒரு இடத்தை மனதில் மெதுவாக ஓட்டிப் பார்க்க வேண்டும், தன்னைத் திட்டக்கூடாது, அவ்வளவுதான் வழிபாடு. கோபம் இன்றைக்கும் வருகிறது. ஆனால் வருவதற்குக் கொஞ்சம் முன்னால் தாடை இறுகுவது தெரிகிறது, சில நேரம் அந்த இடைவெளி போதுமானதாக இருக்கிறது. உணர்ச்சிக்கு நேரடியாக உத்தரவு போட்டு ஒன்றும் நடக்காது, கவனத்தை மட்டும்தான் பழக்க முடிகிறது. இந்த மதத்தில் நான் கண்ட பலனும் இதுதான், குறையும் இதுதான்.

உண்மையில் உதவியது மழை விஷயத்தில். குறுக்குத்துறை முருகன் கோயிலை ஆறு மூடுவது எங்களுக்குப் புதிது இல்லை, 2023 டிசம்பரில் சந்திப்புப் பேருந்து நிலையத்தோடு சேர்த்து எங்கள் வீட்டுக்குள்ளும் தண்ணீர் வந்ததுதான் புதிது. அதற்குப் பிறகு ராத்திரி மழைச் சத்தம் கேட்டால் தூக்கம் போய்விடும். பயம் பதிந்த நினைவை மறுபடி கிளப்பினால் அது கொஞ்ச நேரம் இளகிக் கிடந்துதான் திரும்ப இறுகுகிறது என்று கரீம் நாடரும் கூட்டாளிகளும் 2000-ல் எலிகளை வைத்துக் காட்டியிருக்கிறார்கள். நாங்கள் அந்த அளவுக்கெல்லாம் போகவில்லை. மழை ராத்திரியில் ஜன்னலைச் சாத்தாமல் வீட்டு முன்பகுதியான தார்சாவில் உட்கார்ந்து, அந்த வெள்ள ராத்திரியை முதலிலிருந்து கடைசிவரை என் மனைவியிடம் சத்தமாகச் சொல்வேன். எதிர்வீட்டுப் பையன்கள் எங்கள் ஃப்ரிட்ஜைத் தூக்கிக் கட்டில் மேல் வைத்து, கட்டிலே முங்கினது வரை. போகப் போக அந்த இடத்தில் அவளுக்குச் சிரிப்பு வர ஆரம்பித்தது, அப்புறம் எனக்கும். இப்போதும் மழை வந்தால் விழிப்பு வரும், வாசல் ஓடையை ஒரு தடவை பார்த்துவிட்டுத் திரும்பத் தூங்கிவிடுகிறேன். இதைவிடப் பெரிய பயம் இருப்பவர்கள், மாத்திரை எடுப்பவர்கள் மனநல மருத்துவரிடம் போங்கள், கதையிலிருந்து வந்த மதத்தை நம்பி உட்காராதீர்கள்.

குறைகள் நிறைய. திருவிழா இல்லை, பாட்டு இல்லை, ஒரு சுண்டல்கூட இல்லை. டீக்கடை அண்ணாச்சி, "நெல்லையப்பரும் காந்திமதியும் இருக்கையில ஒமக்கு எதுக்குவே புது மதம்?" என்று கேட்டார், பதில் சொல்ல முடியவில்லை. சாட்சியாக இருப்பவருக்கு இது சம்பளம் இல்லாத வேலை, அவர் அலுத்துப்போனால் மதம் அங்கேயே படுத்துவிடும்.

ஆனாலும் சாட்சிச் சட்டத்தைத் தூக்கிவிட்டால் இதில் ஒன்றுமே இல்லை. எதை மாற்றலாம் என்று முடிவு செய்கிற மனசு ஏற்கெனவே கோணலாக இருக்கிற அதே மனசுதானே. போன பிசானத்துக்கு, கடன் கேட்டால் இல்லை என்று சொல்ல முடியாத குணத்தை மாற்றலாம் என்று போனேன், என் சாட்சியான மனைவி, கணக்கு நோட்டைப் பார்த்துத் தினமும் திட்டுகிறவள், சந்தோஷப்படுவாள் என்று நினைத்து. "அத எடுத்துட்டா நீங்களும் ஒங்க சித்தப்பா மாதிரி ஆயிருவிய, அதுல மட்டும் கை வைக்காதிய" என்றாள். அதுவே தரிசு என்றும் சொல்லிவிட்டாள். கடன் நோட்டில் இப்போது மூன்றாவது நோட்டு ஓடுகிறது, திட்டும் குறையவில்லை.