தலவாக்கலைக்கு வந்த பழைய கேம் பாய்

எந்தப் பொருள் கைக்கு வந்தாலும் முதலில் அதன் முதுகைத்தான் பார்ப்பேன். இலங்கை மலையகத்துத் தலவாக்கலையில் 28 வருடமாக வானொலியும் கடிகாரமும் பழுதுபார்ப்பவனின் பழக்கம் அது. மருமகன் கொழும்பில் 12,500 ரூபா கொடுத்து வாங்கிவந்த கேம் பாய் என்ற கையடக்க விளையாட்டுக் கருவியின் முதுகில், தலையில் மூன்று கால் வெட்டுள்ள திருகாணிகள். பழைய திருப்புளி ஒன்றின் முனையை அரத்தில் தேய்த்துத்தான் கழற்ற முடிந்தது.

உள்ளே பெட்டரித் தகடுகளில் பச்சை பூத்திருந்தது. எலுமிச்சைச் சாற்றில் துடைத்தேன். திரையில் மூன்று நெட்டுக்கோடுகள் செத்திருந்தன. கீழ்விளிம்பில் இணைப்பு நாடா ஒட்டும் இடத்தை ஈயப்பற்று வைக்கும் கோலால் மெல்லச் சூடாக்கியதும் ஒவ்வொன்றாக உயிர்த்தன. சிலுவை வடிவப் பொத்தான் மட்டும் இன்றும் புதிதுபோல் அழுந்துகிறது.

இதை வடிவமைத்தவரும் பழுதுபார்ப்பவராகத் தொடங்கியவர் என்று பிறகுதான் படித்தேன். குன்பெய் யோகோய், 1941இல் பிறந்தவர். 1965இல் ஜப்பானின் கியோத்தோவிலுள்ள நின்டெண்டோ நிறுவனத்தில் சேர்ந்தபோது அவருக்குக் கிடைத்த வேலை, சீட்டுக்கட்டு செய்யும் இயந்திரங்களைப் பராமரிப்பது. பொழுதுபோகாமல் அவர் செய்துவைத்திருந்த, மடிந்து நீளும் கை முதலாளியின் கண்ணில் பட்டது. திட்டு விழவில்லை, விற்பனைக்குச் செய்யச் சொன்னார். 1966இல் வந்த அந்த விளையாட்டுக் கை பத்து லட்சத்துக்கு மேல் விற்றது. அதிவேக ரயிலில் ஒருவர் சலிப்பில் கணிப்பானைத் தட்டிக்கொண்டிருந்ததைப் பார்த்து 1980இல் கைக்கடக்கமான விளையாட்டுக் கருவி செய்தார். சிலுவைப் பொத்தான் 1982இல் வந்தது.

புதியதை விரட்டாமல், மலிந்து பழகிப்போன தொழில்நுட்பத்துக்கு வேறு வேலை கொடு என்பது அவர் கொள்கை. கேம் பாய் 1989இல் வந்த காலத்தில், வண்ணத்திரையோடு வந்த போட்டிக் கருவிகள் ஆறு பெட்டரியை விழுங்கி நாலைந்து மணி நேரத்தில் படுத்துவிட்டன. இதற்கு நான்கு பென்டோர்ச் (AA) பெட்டரி போதும். எனக்குப் பதினான்கு மணி நேரம் ஓடியது.

2022இல் ஒரு நாளைக்குப் பதின்மூன்று மணி நேரம் வரை மின்வெட்டு இருந்தபோது இது கையில் இருந்திருக்கலாமே என்று நினைத்தேன். (150 மெகாவாட் தரும் மேல் கொத்மலை நீர்த்தேக்கம் எங்கள் ஊருக்குள்ளேதான் கிடக்கிறது, நாங்கள் மெழுகுவர்த்தி வாங்க வரிசையில் நின்றோம்.) ஆனால் திரைக்கு வெளிச்சமே கிடையாது. பாசி நிறத்தில் நான்கு சாயை மட்டும். மூன்று மணிக்கு மூடுபனி இறங்கினால் பேத்தி டெட்ரிஸ் விளையாட்டோடு வாசற்படிக்கு ஓடுகிறாள்; தூறல் விழுந்தால் உள்ளே வந்து சாமி விளக்குக்கு முன்னால் உட்காருகிறாள். என் மனைவிக்கு அது பிடிக்கவில்லை.

பச்சை பூத்த பொருளுக்கு 12,500 அதிகம். எட்டாயிரம் நியாயம். திருப்புளி பிடிக்கத் தெரியாதவர்கள் கடையிலேயே போட்டுப் பார்த்து, கோடு விழாததாக வாங்குங்கள்.

1995இல் யோகோய் செய்த சிவப்புத் திரைக் கருவி தோற்றது. அடுத்த வருடம் வெளியேறித் தனி நிறுவனம் தொடங்கினார். 1997இல் சாலை விபத்தில் இறந்துபோனார். அவர் கைபட்ட இன்னொரு கையடக்கக் கருவியான வொண்டர்ஸ்வான் 1999இல்தான் விற்பனைக்கு வந்தது. அதற்கு ஒரேயொரு பென்டோர்ச் பெட்டரி போதுமாம். மருமகனிடம் அதையும் தேடச் சொல்லியிருக்கிறேன். இம்முறை பெட்டரி மூடியைத் திறந்து பார்த்துவிட்டுக் காசு கொடுக்கச் சொன்னேன்.