தேவையற்றுப்போன மனு: திரும்பப் பெறுவதா, முடித்து வைக்கக் கேட்பதா?

ஓய்வூதியமும் தாமதத்துக்கான வட்டியும் கோரி ஒருவர் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசுத் துறைக்கு ஆணையிடக் கோரும் மனு) தாக்கல் செய்கிறார்; மனு இறுதி விசாரணைக்கு வருவதற்குள் துறையே ஓய்வூதியத்தை அனுமதித்து ஆணை பிறப்பித்துவிடுகிறது. இந்நிலையில் பெரும்பாலோர் சொல்லும் யோசனை, மனுவை வாபஸ் வாங்கிவிடலாம் என்பதுதான். வேறு வழிகளும் உண்டு. எந்த வழியில் போனாலும் வழக்கு அன்றைக்கு முடிந்துவிடும் என்றாலும், அவற்றின் பின்விளைவு ஒன்றல்ல.

நிபந்தனை ஏதுமின்றித் திரும்பப் பெறுவது மிக எளிது. வழக்கறிஞர் வழக்குக் கட்டில் இரண்டு வரி எழுதிக் கையெழுத்திட்டால், 'திரும்பப் பெறப்பட்டதால் தள்ளுபடி' என்று உத்தரவாகிவிடும். ஆனால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 23, விதி 1-இன்படி, நீதிமன்றத்தின் அனுமதியின்றி வழக்கைத் திரும்பப் பெற்றவர் அதே வழக்குமூலத்தின் (வழக்குக்கு அடிப்படையான காரணத்தின்) மீது மறுபடியும் வழக்குத் தொடர முடியாது. 1986-இல் சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த நெறியை அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின் கீழ் வரும் ரிட் மனுக்களுக்கும் பொருத்தியது. துறையின் ஆணையில் வட்டி விடுபட்டிருப்பதை மனுதாரர் பிறகு கவனித்து மீண்டும் ரிட் மனு போட்டால், முதல் மனுவிலேயே கேட்டுக் கைவிட்டதை இப்போது கேட்கிறார் என்ற எதிர்வாதம் கட்டாயம் எழும்.

'மீண்டும் வழக்குத் தொடரும் உரிமையுடன்' திரும்பப் பெறுவது இந்த ஆபத்தைக் குறைக்கிறது. எனினும் அந்த உரிமை கேட்டவுடன் கிடைப்பதன்று. போதிய காரணத்தைக் காட்ட வேண்டும்.

நான் முதலில் பரிந்துரைப்பது மூன்றாவது வழியை. துறை பிறப்பித்த ஆணையின் எண், தேதி, அதில் வழங்கப்பட்டது எது, விடுபட்டது எது என்பவற்றை ஒரு மெமோவாக (சுருக்கமான எழுத்துக் குறிப்பாக) தாக்கல் செய்து, அவற்றைப் பதிவு செய்து மனுவை முடித்து வைக்குமாறு கேட்பதே அது. மனு தாக்கலான பின் நடந்தவற்றையும் நீதிமன்றம் கருத்தில் கொள்ளலாம் என்பது 1975-இலேயே பசுபுலேட்டி வெங்கடேஸ்வரலு வழக்கில் சொல்லப்பட்டது. இவ்வாறு முடிக்கும்போது மனுதாரர் தம் கோரிக்கையைக் கைவிட்டதாக ஆகாது. தகுதியின் அடிப்படையில், அதாவது கோரிக்கை சரியா தவறா என்று, எதுவும் தீர்மானிக்கப்படவில்லை என்பதும் தெளிவாக இருக்கும். அரசு வழக்கறிஞர் தரும் உறுதிமொழியும் உத்தரவில் ஏறிவிட்டால், பின்னர் துறை பின்வாங்குவது கடினம்.

துறையின் புதிய ஆணையே பாதகமாக இருந்தால், அதாவது கேட்டதை மறுத்திருந்தால், மேற்கண்ட மூன்றும் பொருந்தா. கோரிக்கையைத் திருத்தி அந்த ஆணையை எதிர்க்க வேண்டும். இல்லையேல் புதிய மனு போட வேண்டும். மனுவை அப்படியே கிடப்பில் விடுவதை ஒரு வழியாகவே நான் கருதவில்லை.

பொதுநல வழக்கின் நிலை வேறு. அதை மனுதாரர் தம் விருப்பப்படி திரும்பப் பெற முடியாது என்று 1988-இல் ஷீலா பார்சே வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. கோரியது நடந்தேறிவிட்டது என்று எடுத்துரைக்கலாம், முடிவு நீதிமன்றத்தின் கையில்.

எந்த வழியானாலும், பிரதான மனு முடியும்போது இடைக்காலத் தடையும் பொதுவாக அதோடு போய்விடும். தடையின் பாதுகாப்பு இன்னும் தேவைப்படுபவர் அதை முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். உத்தரவின் நகல் வந்ததும் முதலில் பார்க்க வேண்டியது, கேட்ட மறுவழக்கு உரிமையும் அரசின் உறுதிமொழியும் அதில் எழுத்தில் உள்ளனவா என்பதைத்தான்; விடுபட்டிருந்தால், அதே நீதிபதி முன் உடனே முறையிட்டுத் திருத்தம் கேட்க வேண்டும்.