கிர்பவிட்சா: சுற்றுலாக் கட்டணத்துக்குள் ஒரு போர்

பொஸ்னியத் தலைநகரான சாரயேவோவின் கிர்பவிட்சா பகுதி, 1992 முதல் 1996 வரை நீடித்த முற்றுகையின்போது பொஸ்னிய செர்பியப் படைகளின் பிடியில் இருந்தது. அந்நகரில் 1974-இல் பிறந்த இயக்குநர் யாஸ்மிலா ஜ்பானிச் அப்பகுதியின் பெயரையே தலைப்பாக்கி எடுத்த இந்தப் படம், 2006-இல் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருதை வென்றது. போர்க்காட்சி ஒன்றுகூட இதில் இல்லை. பள்ளிச் சுற்றுலாவுக்கு 200 யூரோ கட்ட வேண்டும் என்பதுதான் கதை. போரில் உயிர்நீத்தவரின் பிள்ளை என்று சான்றிதழ் காட்டினால் கட்டணச் சலுகை உண்டு. தந்தை ஒரு தியாகி என்று நம்பி வளர்ந்த சாரா அதைக் கேட்டு நச்சரிக்கிறாள். தாய் எஸ்மாவோ சாக்குப்போக்குச் சொல்லிக்கொண்டே, இரவு விடுதியில் பரிமாறும் வேலைக்குப் போய்ப் பணம் புரட்டப் பார்க்கிறாள். சான்றிதழ் ஏன் வராது என்பதைப் பார்வையாளர் பாதியிலேயே ஊகித்துவிடலாம்; இயக்குநரும் அதை மறைக்கப் பெரிதாக மெனக்கெடவில்லை.

அவருடைய கவனமெல்லாம் உடல்மொழியில்தான். தாயும் மகளும் வீட்டில் சிரித்து உருண்டு விளையாடும்போது, சாரா தாயின் மேல் ஏறி அமர்ந்து இரு கைகளையும் அழுத்திப் பிடிக்கிறாள்; அந்த நொடியில் எஸ்மாவின் முகம் மாறிவிடுகிறது. பேருந்து நெரிசலில் அருகில் நிற்கும் ஓர் ஆணின் திறந்த மார்பைக் கண்டதும் அவள் இறங்கி ஓடுகிறாள். இவ்விரண்டு இடங்களிலும் விளக்க வசனம் ஏதுமில்லை. எஸ்மாவாக வரும் மிர்யானா கரனோவிச்சின் நடிப்பே போதுமானதாக இருக்கிறது. (அவர் செர்பிய நடிகை என்பதையும் சேர்த்து நினைத்தால், அந்தத் துணிச்சலின் அளவு புரியும்.) பெண்கள் ஆதரவு மையத்தில், உதவித்தொகை கொடுக்கும் நாளில் மட்டும் கூட்டம் கூடுவதைக் காட்டியிருப்பதும் நேர்மையானது.

குறை என்று சொன்னால், உண்மையைத் துப்பாக்கி முனையில் வரவழைக்கும் காட்சியைத்தான் சொல்வேன். சில்லறைக் கவலைகளாலேயே இறுகிக்கொண்டு வந்த கதைக்கு அந்த ஆயுதம் தேவைப்பட்டிருக்கவில்லை.

பொஸ்னியாவின் செர்பியர் ஆளுகைப் பகுதியில் படத்தைத் திரையிட விநியோகஸ்தர்கள் முன்வரவில்லை. மறுபுறம், படத்தை ஒட்டி நடந்த கையெழுத்து இயக்கத்தின் அழுத்தத்தால், போரில் வல்லுறவுக்கு உள்ளான பெண்களைப் போரினால் பாதிக்கப்பட்ட குடிமக்களாக ஏற்கும் சட்டத்திருத்தம் அந்நாட்டின் மற்றொரு பாதியான, பொஸ்னியாக்-குரோவாசியக் கூட்டமைப்புப் பகுதியில் 2006-இலேயே வந்தது. அதே போரில் 1995-இல் பொஸ்னிய முஸ்லிம்கள் ஆயிரக்கணக்கில் கொல்லப்பட்ட ஸ்ரெப்ரெனிட்சா படுகொலையைப் பற்றி 2020-இல் ஜ்பானிச் எடுத்த படம் ஆஸ்கர் பரிந்துரை வரை சென்றது. அதன் வீச்சு பெரிதுதான் என்றாலும், இரண்டில் ஒன்றை மறுபடி பார்க்கச் சொன்னால் நான் எஸ்மாவின் கதையையே எடுப்பேன்.