டைட்டன் ஏவுகணை அருங்காட்சியகம், அரிசோனா: 55 படி இறங்கிப் பார்த்த கதை

அரிசோனா போகிறவர்களில் பாதிப் பேர் கிராண்ட் கேன்யனைப் பார்த்துவிட்டு அப்படியே திரும்பிவிடுவார்கள். டூசான் பக்கம் போகிற வாய்ப்பு கிடைத்தால் இந்த இடத்தை விட்டுவிடாதீர்கள் என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன். டூசானிலிருந்து தெற்கே ஐ-19 நெடுஞ்சாலையில் அரை மணி நேரம், சஹுவரிட்டா என்ற ஊரை ஒட்டி இருக்கிறது (அந்தச் சாலையில் தூரப் பலகைகள் மைலில் இல்லாமல் கிலோமீட்டரில் இருக்கும், நம் ஆட்களுக்கு ஒரு சின்ன சந்தோஷம்). வெளியிலிருந்து பார்த்தால் ஒன்றுமே இல்லை. கம்பி வேலி, சரளைக்கல் பரப்பிய பொட்டல், சில ஆன்டெனாக்கள், தரையோடு தரையாக ஒரு பிரம்மாண்டமான மூடி. இதற்கா இவ்வளவு தூரம் வந்தோம் என்று என் மனைவி வாயைத் திறந்து கேட்கவில்லை, அவ்வளவுதான்.

அந்த மூடிக்குக் கீழேதான் விஷயம். 1963-லிருந்து 1982 வரை இங்கே அமெரிக்க விமானப்படையின் டைட்டன் 2 என்ற கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணை ஒன்று எந்த நேரமும் கிளம்பத் தயாராக நின்றிருக்கிறது. 103 அடி உயரம், தலையில் 9 மெகாடன் அணுகுண்டு. ஹிரோஷிமாவில் போட்டது சுமார் 15 கிலோடன் (ஆயிரம் கிலோடன் ஒரு மெகாடன்), கணக்குப் போட்டுப் பார்த்தால் இது அதைப்போல 600 மடங்கு. இந்த மாதிரி 54 ஏவுகணைகளை அரிசோனா, கான்சாஸ், ஆர்கன்சா மூன்று மாநிலங்களிலும் 18, 18 ஆகப் புதைத்து வைத்திருந்தார்கள். 1987-க்குள் எல்லாவற்றையும் எடுத்து, நிலவறைகளை இடித்து மூடிவிட்டார்கள். மிச்சம் வைத்தது இது ஒன்றைத்தான். இப்போது உள்ளே இருப்பது குண்டு இல்லாத கூடு. அதை எப்படி நிரூபித்தார்கள் தெரியுமா? மூடியைப் பாதி திறந்த நிலையிலேயே நகர முடியாதபடி நிறுத்தி, ஏவுகணையின் மூக்கில் ஒரு ஓட்டை வெட்டி வைத்தார்கள், சோவியத் செயற்கைக்கோள் மேலே போகும்போது எட்டிப் பார்த்து, சரி, காலிதான் என்று குறித்துக்கொள்ளட்டும் என்று. மேலே நின்று கண்ணாடி வழியாகக் குனிந்து பார்த்தால் அந்த ஓட்டை நமக்கும் தெரிகிறது.

கீழே இறங்க 55 இரும்புப் படிகள். உயரமானவர்களுக்குத் தலைக்கவசம் கொடுப்பார்கள், வாங்கி மாட்டிக்கொள்ளுங்கள், குழாய்களும் கம்பிகளும் எதிர்பாராத இடத்தில் நீட்டிக்கொண்டிருக்கின்றன. வழிகாட்டி இல்லாமல் கீழே போக முடியாது. எங்களுக்கு வந்த பெரியவர் நிதானமாகப் பேசுகிறவர், ஒவ்வொரு கேள்விக்கும் நின்று பதில் சொன்னார், அதற்கே ஒரு நட்சத்திரம் கூடப் போடலாம்.

அந்தக் காலத்தில் பணிக்கு வரும் குழு எப்படி உள்ளே வரும் என்பதிலிருந்தே ஆரம்பிக்கிறார். வாசலில் ஒரு போன். அதில் கூப்பிட்டுச் சொல்லிவிட்டு உள்ளே வந்தால் அடுத்த கதவு, அங்கே இன்னொரு போன். தாளில் எழுதிக் கொண்டுவந்த அன்றைய குறியீட்டைப் படித்துக் காட்ட வேண்டும், படித்ததும் அந்தத் தாளை அங்கேயே ஒரு டப்பாவில் போட்டுக் கொளுத்திவிட வேண்டும். அப்புறம் ஆளை விழுங்குகிற கனத்தில் குண்டுவெடிப்பைத் தாங்கும் எஃகுக் கதவுகள், ஒவ்வொன்றும் மூன்று டன் எடை. ஆனால் கீல் அவ்வளவு நேர்த்தி, தள்ளிப் பார்த்தேன், ஒரு கையால் நகர்கிறது.

கட்டுப்பாட்டு அறை ஏதோ பழைய ஆஸ்பத்திரி மாதிரி வெளிர்பச்சை நிறத்தில் இருக்கிறது. மொத்த அறையும் எட்டு பெரிய ஸ்பிரிங்குகளில் தொங்குகிறது, மேலே குண்டு விழுந்தாலும் உள்ளே இருப்பவர்கள் பிழைத்திருந்து பதிலுக்கு அடிக்க வேண்டுமே, அதற்காக. குழுவில் நாலு பேர், 24 மணி நேரப் பணி. மூலையில் சிவப்பு நிற இரும்புப் பெட்டி, அதில் இரண்டு பூட்டுகள். ஒரு பூட்டின் எண் ஒரு அதிகாரிக்குத்தான் தெரியும், மற்றதன் எண் இன்னொரு அதிகாரிக்கு. ஏவுகணைச் சாவிகள் இரண்டும் அதற்குள்ளே. சாவி போடும் இடங்களும் தள்ளித் தள்ளி இருக்கின்றன, ஒரே ஆள் கையை எவ்வளவு நீட்டினாலும் இரண்டையும் எட்ட முடியாது. இரண்டு பேரும் இரண்டு நொடிக்குள் திருப்பி, ஐந்து நொடி அப்படியே பிடித்திருக்க வேண்டும். அதற்கும் மேலே, எரிபொருள் எரிய ஆக்சிஜனைத் தரும் ஆக்சிடைசர் திரவம் போகும் குழாயில் ஒரு வால்வுக்குத் தனிப் பூட்டு. அதைத் திறக்கும் ஆறெழுத்துக் குறியீடு குழுவிடமே கிடையாது, ஏவும்படி வரும் உத்தரவோடு சேர்ந்துதான் வரும். கீழே இருக்கும் நாலு பேரும் கூட்டுச் சேர்ந்து பைத்தியம் பிடித்து உட்கார்ந்தாலும் எதுவும் கிளம்பாது.

இந்தச் சுற்றுலாவின் உச்சம், கூட்டத்தில் ஒருவரைத் தளபதி நாற்காலியில் உட்கார வைத்து ஏவுவதுபோல நடித்துக் காட்டுவது. எங்கள் முறைக்கு என் மனைவியைக் கூப்பிட்டார்கள். அடுப்பை அணைத்தோமா என்று பாதி வழியில் வண்டியைத் திருப்பச் சொல்கிறவள் அவள். வழிகாட்டி மூன்று, இரண்டு, ஒன்று என்று எண்ண, இவள் சாவியைத் திருப்பிப் பிடித்துக்கொண்டாள். ஐந்து நொடி என்பது எவ்வளவு நீளம் என்று அன்றைக்குத்தான் பார்த்தேன். விரல் நுனி வெளுத்துப் போயிருந்தது. பலகையில் விளக்குகள் ஒவ்வொன்றாக எரிந்தன, மணி அடித்தது, எல்லாரும் கைதட்டினோம். தட்டிய பிறகுதான், எதற்குத் தட்டினோம் என்று ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டோம். சாவி திருப்பியதிலிருந்து ஏவுகணை மேலே எழும்ப 58 நொடி. எழும்பிவிட்டால் திரும்பக் கூப்பிட வழியில்லை. எங்கே போகிறது என்பது திருப்பியவர்களுக்கும் தெரியாது: பலகையில் 1, 2, 3 என்று மூன்று இலக்குகள், வெறும் எண்கள், அவை எந்த ஊர்கள் என்று இன்றுவரை வெளியே சொல்லவில்லை.

இவ்வளவு பூட்டுகளையும் பார்த்துவிட்டு வந்தால் நிம்மதிதான் வர வேண்டும். எனக்கு வரவில்லை, காரணம் போவதற்கு முன்பே டமாஸ்கஸ் விபத்தைப் பற்றிப் படித்திருந்தேன். நீங்களும் படித்துவிட்டுப் போங்கள், இந்த இடமே வேறு மாதிரித் தெரியும். சிரியாவில் இருக்கும் டமாஸ்கஸ் இல்லை, ஆர்கன்சாவில் அதே பேரில் ஒரு சின்ன ஊர். அங்கேயும் இதே அச்சில் ஒரு நிலவறை, இதே ஏவுகணை, இதே 9 மெகாடன்.

அதற்கு முன் எரிபொருள் சமாச்சாரம் ஒன்று தெரிந்திருக்க வேண்டும். 58 நொடியில் கிளம்ப வேண்டும் என்றால் எரிபொருளைக் கடைசி நிமிடத்தில் ஊற்ற முடியாது. அதனால் ஏரோசீன்-50 என்ற எரிபொருளும் நைட்ரஜன் டெட்ராக்சைடு என்ற ஆக்சிடைசரும் ஏவுகணைக்குள்ளேயே வருடக்கணக்கில் நிரப்பியே கிடக்கும். இரண்டும் கடும் விஷம். ஒன்றோடு ஒன்று பட்டால் போதும், தீக்குச்சி வேண்டாம், தானே பற்றும். மேல்தளத்தில் ரெஃப்கோ என்று அவர்கள் சொல்லும் முழு உடைக் கவசம் ஒன்றை நிறுத்தி வைத்திருக்கிறார்கள், விண்வெளி வீரர் உடை மாதிரி, அந்தத் திரவங்களைக் கையாள அதைப் போட்டுக்கொண்டுதான் போக வேண்டும். அரிசோனா வெயிலில் அதற்குள் நுழைந்த ஆட்களை நினைத்தாலே எனக்கு வியர்த்தது.

1980 செப்டம்பர் 18 மாலை, டமாஸ்கஸில் பராமரிப்பு வேலை பார்த்துக்கொண்டிருந்த ஒரு இளம் வீரரின் கையிலிருந்த ராட்செட் ஸ்பேனரிலிருந்து அதன் சாக்கெட் (நட்டைப் பிடித்துத் திருப்பும் இரும்புத் துண்டு) கழன்று விழுந்தது. அதுவே சுமார் நாலு கிலோ. வேலை பார்க்க நிற்கும் மேடைக்கும் ஏவுகணைக்கும் நடுவே இருந்த சந்து வழியாக 70 அடிக்கு மேல் விழுந்து, அடியில் மோதித் தெறித்து, முதல் நிலை எரிபொருள் தொட்டியில் ஓட்டை போட்டது. எரிபொருள் பீய்ச்சி அடிக்க ஆரம்பித்தது. ராத்திரி முழுக்க என்ன செய்வது என்று பேசிக்கொண்டே இருந்தார்கள், கட்டுப்பாட்டு அறையை விட்டு ஆட்கள் வெளியேறினார்கள், விடியற்காலை 3 மணி வாக்கில் நிலவறை வெடித்தது. 700 டன்னுக்கு மேலான மூடி பறந்து போய் விழுந்தது. ஒரு வீரர் இறந்தார், 21 பேருக்குக் காயம். அணுகுண்டு தூக்கி எறியப்பட்டு வெளியே ஒரு பள்ளத்தில் கிடந்தது. வெடிக்கவில்லை, கதிரியக்கக் கசிவும் இல்லை.

இங்கே கீழே, ஏவுகணைக்குப் பக்கத்தில் போய் அந்தக் கண்ணாடி ஜன்னல் வழியாகப் பார்க்கும்போது, மேடைக்கும் ஏவுகணைக்கும் நடுவில் இருக்கிற அந்தச் சந்தைத்தான் நான் பார்த்துக்கொண்டே நின்றேன். மற்றவர்கள் பக்கவாட்டில் எழுதியிருந்த 'யு.எஸ். ஏர் ஃபோர்ஸ்' எழுத்துகளைப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். சந்து ரொம்பப் பெரிதில்லை. ஒரு ஆள் விழ முடியாது. சாக்கெட் விழலாம்.

இரண்டு சாவி, இரண்டு பூட்டு, எரித்த தாள், ஆறெழுத்து, எல்லாமே கெட்ட எண்ணம் கொண்ட மனிதனை நினைத்துச் செய்தவை. கை வழுக்கியவனை நினைத்துச் செய்தது எது என்று தேடினால் கண்ணில் பட்டது கம்மி. அணு ஆயுதத் துறையில் இதற்கு 'எப்போதும், ஒருபோதும்' என்று ஒரு பேச்சு உண்டு: உத்தரவு வந்தால் எப்போதும் வெடிக்க வேண்டும், வராதபோது ஒருபோதும் வெடிக்கக் கூடாது. இரண்டும் ஒன்றையொன்று கடித்துக்கொள்ளும். எப்போதும் தயாராக இருக்க வேண்டும் என்பதற்காகத்தானே தானே பற்றும் எரிபொருளை உள்ளேயே ஊற்றி வைத்தார்கள். 1961 ஜனவரியில் வடக்கு கரோலினா கோல்ட்ஸ்பரோ அருகே பி-52 குண்டுவீச்சு விமானம் வானத்திலேயே உடைந்து இரண்டு ஹைட்ரஜன் குண்டுகள் கீழே விழுந்தன. அதில் ஒன்று வெடிக்காமல் போனதற்கு ஒரே ஒரு ஸ்விட்ச்தான் காரணம் என்று அரசாங்க ஆய்வகத்தின் பொறியாளர் ஒருவரே பிற்பாடு எழுதி வைத்தார்.

சரி, உத்தரவு வந்தால்தானே என்பீர்கள். அதே 1980-இல், ஜூன் மாதம், அமெரிக்க எச்சரிக்கைக் கணினிகள் சோவியத் ஏவுகணைகள் வருவதாகக் காட்டின, குண்டுவீச்சு விமானங்களின் இன்ஜின்களைக்கூட ஓடவிட்டுவிட்டார்கள். பிறகு தேடிப் பார்த்தால் 46 சென்ட் விலையுள்ள ஒரு சிப் பழுது. அதற்கு முந்தைய நவம்பரில் பயிற்சிக்கான போர்க் காட்சி உண்மையான திரையில் ஏறிவிட்டது. இந்த இரண்டு முறையும் இங்கே கீழே நாலு பேர் உட்கார்ந்துதான் இருந்திருப்பார்கள். சாவியைப் பூட்டி வைக்கலாம், வருகிற உத்தரவே தப்பான தகவலில் பிறந்திருந்தால் இந்த அறையில் இருப்பவர்களுக்கு அது தெரிய வழியே கிடையாது. இதை வழிகாட்டியிடம் கேட்டேன். தலையை ஆட்டிவிட்டு, அதை முடிவு செய்வது இவர்கள் வேலை இல்லை என்றார். நியாயமான பதில்தான்.

டைட்டன் போய்விட்டது, வேலை போகவில்லை. மொன்டானா, வடக்கு டகோட்டா, வயோமிங் பக்கம் 400 மினிட்மேன் 3 ஏவுகணைகள் நிலத்துக்கடியில் இன்றைக்கும் இருக்கின்றன, இப்போதும் இரண்டு இரண்டு பேராகச் சாவியோடு உட்கார்ந்திருக்கிறார்கள். அவற்றில் திட எரிபொருள், அதனால் டமாஸ்கஸ் மாதிரி கசிவுக்கு இடமில்லை, அந்த அளவுக்கு முன்னேற்றம்.

போகிறவர்களுக்கு: டிக்கெட்டை முன்பே எடுத்துவிடுங்கள், கீழே ஒரு நேரத்தில் கொஞ்சம் பேரைத்தான் விடுகிறார்கள். இறங்கிய 55 படிகளையும் திரும்ப ஏற வேண்டும், முட்டிவலிக்காரர்கள் முன்கூட்டியே சொல்லிவிட்டால் நல்லது. மேலே நிழல் குறைவு, தண்ணீர் பாட்டிலும் தொப்பியும் அவசியம். பத்து வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகள் என்றால் தாராளமாகக் கூட்டிப் போகலாம், அதற்குக் கீழே என்றால் சாவி திருப்புவது மட்டும்தான் மனதில் நிற்கும். கிளம்புவதற்கு முன் அந்த உயரமான டிஸ்கோன் ஆன்டெனா பக்கம் ஒரு நடை போய்விட்டு வாருங்கள். உரிமம் வைத்திருக்கும் ஹாம் ரேடியோக்காரர்கள் (பொழுதுபோக்காக வானொலியில் பேசுகிறவர்கள்) தங்கள் பெட்டியைக் கொண்டுவந்து அதில் இணைத்துப் பேசிக்கொள்ளலாமாம். ஏவும் உத்தரவைக் கேட்பதற்காக நட்டு வைத்த கம்பங்களில் ஒன்று. நாங்கள் போன அன்றைக்கு யாரும் இல்லை, இருந்திருந்தால் பக்கத்தில் நின்று கொஞ்ச நேரம் கேட்டிருப்பேன்.